ஓவன் கதவு கண்ணாடியோட உள்பக்கத்த ஆப்ப சோடா வெச்சு சுத்தம் பண்றது எப்படி

ஓவன் கதவு கண்ணாடிக்கு உள்பக்கம் பழுப்பா ஒரு படலம் ஏறி, உள்ள கேக்கு உப்பிருச்சா இல்லையான்னே தெரியாம கதவ தொறந்து தொறந்து பாக்குறீங்கன்னா இத முழுசா படிங்க. கேக்கு பாதி வெந்துட்டு இருக்கும்போது கதவ தொறந்தா உள்ள இருக்குற சூடு சட்டுன்னு வெளிய போயிரும், நடுவுல அமுங்கிப் போறதுக்கு அதுவே போதும், அதனால பேக்கிங் ஒழுங்கா வரணும்னா கண்ணாடி தெளிவா இருக்கணும். நம்ம சேலத்துல அழகாபுரம், அஸ்தம்பட்டி, ஃபேர்லேண்ட்ஸ் பக்கம்லாம் வீட்லயே கேக் ஆர்டர் எடுக்குறவங்க நெறைய பேர் இருக்காங்க, ஏற்காட்டுல டிசம்பர் வந்தா பிளம் கேக் வாசம் தெருவுல வரைக்கும் வரும், ஆனா ட்ரேயையும் டின்னையும் பளபளன்னு தேய்ச்சு வெக்கிற நாம கதவ மட்டும் அப்படியே விட்டுர்றோம். கடைல விக்கிற ஓவன் கிளீனர் ஸ்ப்ரேல நெறையது காஸ்டிக் சோடாங்கற கடுமையான காரம் கலந்தது, நெடி கண்ணு மூக்கெல்லாம் எரியும், சின்ன கிச்சன்ல அத அடிக்கணும்னு அவசியமே இல்ல. சமையல்கட்டுல இருக்குற சாமானே போதும்.

மொதல்ல அந்தப் படலம் என்னன்னு தெரிஞ்சுக்கணும், ஏன்னா அது தெரியாமத்தான் எல்லாரும் கை வலிக்க தேய்க்கிறாங்க. புது தோசைக்கல்ல எண்ணெய் தடவி தடவி சூடு காட்டி பழக்குவோம்ல, கல்லு மேல கருப்பா வழவழன்னு ஒரு பூச்சு புடிச்சுக்குமே, அதே சங்கதிதான் கண்ணாடி மேலயும் நடக்குது. சிக்கன், பன்னீர் டிக்கா வெக்கும்போது தெறிக்கிற எண்ணெயும், கேக்குலருந்து கெளம்புற வெண்ணெய் ஆவியும் கண்ணாடில போய் ஒட்டும், அடுத்தடுத்த தடவை 180, 200 டிகிரி சூடு படும்போது காத்துல இருக்குற ஆக்சிஜனோட சேந்து எண்ணெய் மூலக்கூறுங்க ஒண்ணோட ஒண்ணு கோத்துக்கிட்டு கெட்டியான தோலா மாறிரும். அதுக்கப்பறம் அது எண்ணெயே இல்ல, கிட்டத்தட்ட பிளாஸ்டிக் மாதிரி ஆயிரும், அதனாலதான் பாத்திரம் கழுவுற லிக்விட் போட்டு எவ்வளவு தேய்ச்சாலும் மேல இருக்குற பிசுக்கு மட்டும் போயி பழுப்பு அப்படியே நிக்குது. இத ஒடைக்க காரத்தன்மை வேணும், ஆப்ப சோடாவ தண்ணில கரைச்சா பிஹெச் (அமிலமா காரமான்னு காட்டுற அளவு, 7 நடு, அதுக்கு மேல போனா காரம்) 8-ஐ கொஞ்சம் தாண்டும், ரொம்ப சாதுவான காரம், ஆனா நேரம் குடுத்தா அந்தத் தோல மெதுமெதுவா இளக்கி விட்ரும்.

இந்த வேலைல தேய்க்கிறது கடைசிதான். ஊறுறதுதான் வேலை செய்யிது. இத மட்டும் மனசுல வெச்சுக்கோங்க, மத்ததெல்லாம் தன்னால வரும்.

இன்னொரு விஷயமும் இங்கயே சொல்லிர்றேன், வீடியோல எல்லாம் சோடாவையும் வினிகரையும் ஒரு கிண்ணத்துல கலந்து புஸ்ஸுன்னு பொங்க விட்டு அத எடுத்து தடவுறாங்க பாருங்க, தயவுசெஞ்சு அப்படி பண்ணாதீங்க. சோடா காரம், வினிகர் அமிலம், ரெண்டும் சேந்தா ஒண்ண ஒண்ணு அடிச்சுக்கிட்டு கரியமில வாயுவா பொங்கிப் போயிரும், கிண்ணத்துல மிஞ்சுறது சோடியம் அசிடேட்னு ஒரு உப்பு கரைஞ்ச தண்ணிதான், அதுக்கு எண்ணெய்ப் படலத்த இளக்குற சக்தி கெடையாது. பொங்குறத பாத்தா வேலை நடக்குற மாதிரி தெரியும், கண்ணாடி அப்படியேதான் இருக்கும். ரெண்டுமே நல்ல சாமான், ஆனா ஆளுக்கு ஒரு வேலை, ஒண்ணுக்கப்பறம் ஒண்ணுதான் வரணும். சோடா மொதல்ல வந்து எண்ணெய எடுக்கணும், அது போனப்பறம் வினிகர் வந்து சோடா விட்டுட்டுப் போற வெள்ளைப் பூச்சையும் உப்புத் தண்ணிக் கறையையும் எடுக்கணும்.

சாமான் என்னென்ன வேணும்னா, ஆப்ப சோடா அரை கப், பழைய காட்டன் துணி மூணு நாலு துண்டு (பழைய வேட்டி கிழிச்சது ரொம்ப நல்லா இருக்கும், நூல் உதிராது, தண்ணிய நல்லா குடிக்கும்), பழைய டூத் பிரஷ், எக்ஸ்பைரி ஆன ஏடிஎம் கார்டு ஒண்ணு, வெள்ளை வினிகர் கொஞ்சம் இல்லன்னா ரெண்டு எலுமிச்சம்பழம், அப்பறம் பால் கவர். ஆமா, காலி பால் கவர்தான், நாலு கவர கழுவி ஓரத்த வெட்டி விரிச்சு வெச்சுக்கோங்க, எதுக்குன்னு சொல்றேன். சோடா வாங்கும்போது பேக்கிங் பவுடர எடுத்துட்டு வந்துறாதீங்க, அதுல சோடாவோட அமிலமும் சோளமாவும் கலந்திருக்கும், கண்ணாடில தடவுனா பசையாத்தான் ஆகும். துணி தொவைக்கிற சலவை சோடாவும் வேற, அது காரம் ரொம்ப ஜாஸ்தி, கையையும் அரிக்கும், அலுமினியத்த கருப்பாக்கிரும். செவ்வாய்பேட்டை பக்கம் மளிகை வாங்குறவங்க கடைல கேக்கும்போதே சமையலுக்குப் போடுற சோடா உப்புன்னு தெளிவா சொல்லி வாங்குங்க.

ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி பிளக்க புடுங்கிருங்க, ஸ்விட்ச் ஆஃப் பண்றது மட்டும் பத்தாது. ஓவன் முழுசா ஆறி இருக்கணும். இது சும்மா ஒரு பேச்சுக்கு சொல்றதில்லீங்க, சூடா இருக்குற கண்ணாடி மேல பச்சத்தண்ணித் துணிய வெச்சா ஒரு பக்கம் சட்டுன்னு சுருங்கும், இன்னொரு பக்கம் விரிஞ்சே இருக்கும், அந்த இழுபறில கண்ணாடி விரிசல் விட்ரும். ஓவன் கதவுல போடுறது பெரும்பாலும் டெம்பர்டு கண்ணாடிதான் (சூடு காட்டி சட்டுன்னு ஆற வெச்சு பலமாக்குனது), அது ஒடைஞ்சா ஒரு மூலைல மட்டும் ஒடையாது, மொத்தமும் கல்கண்டு சைஸ்ல கொட்டிரும். அதே காரணத்துக்காகத்தான் கம்பி நாரு, பிளேடு, கத்தி, கரகரப்பான பாத்திரம் தேய்க்கிற பவுடர் எதையும் கண்ணாடி கிட்டயே கொண்டு போகக்கூடாதுங்கறது, கீறல் விழுந்த எடம் பலவீனமாயிரும், பின்னாடி ஒரு நாள் சூடு ஏறும்போது அங்கருந்தே ஒடைய வாய்ப்பு இருக்கு. சோடாவுல அந்தப் பயம் இல்ல. கடினத்தன்மைய அளக்குற மோஸ் அளவுல சோடா சுமார் 2.5, கண்ணாடி சுமார் 5.5, மென்மையான பொருளு கெட்டியான பொருள கீற முடியாது. மணல் 7, அதனாலதான் அம்மாயி காலத்து அடுப்புச் சாம்பல் பித்தளைக்கும் மண்சட்டிக்கும் நல்லா இருந்தாலும் இங்க வேணாம்னு சொல்றேன், சாம்பல்லயும் நல்ல காரம் இருக்கு, ஆனா கூடவே மண்ணுத் துகள் வந்துரும்.

கதவ தொறந்து கீழ சாய்ச்சீங்கன்னா சின்ன ஓடிஜியா (மேடை மேல வெக்கிற சின்ன கரண்ட் ஓவன்) இருந்தா நீங்க அமுக்குற அமுக்குல ஓவனே முன்னாடி கவுந்துரும், அதனால ஓவன மேடையோட விளிம்புலருந்து உள்ள தள்ளி வெச்சு, தொறந்த கதவுக்கு அடில மடிச்ச டவலோ ஒரே மட்டமா வர்ற ஒரு டப்பாவோ முட்டுக் குடுங்க. கீல் மேல மொத்த பாரமும் விழக்கூடாது, கீல் லூஸ் ஆச்சுன்னா கதவு சரியா மூடாது, சூடு கசியும்.

இப்ப ஒரு பாத்திரத்துல கொதிக்கிற தண்ணிய ஊத்தி ஓவனுக்குள்ள வெச்சு கதவ மூடி ஒரு 20 நிமிசம் விட்ருங்க, பிளக் புடுங்கினபடியேதான். ஆவி கண்ணாடில படிஞ்சு மேல இருக்குற பிசுக்கு, சக்கரப் பாகு சிந்துனது இதெல்லாம் இளகிரும். சக்கரக் கறைக்கு சோடாவே வேணாம், அது தண்ணிலயே கரையும், வெந்நீர்ல நனைச்ச துணிய அஞ்சு நிமிசம் மேல போட்டு வெச்சு எடுத்தா போதும். ஏற்காட்டுக்காரங்களுக்கு இந்த ஆவி ரொம்ப முக்கியம், 1500 மீட்டர் உயரத்துல மார்கழிக் குளிர்ல வெண்ணெய், டால்டா எல்லாம் கண்ணாடில மெழுகா ஒறைஞ்சு கெடக்கும், அது மேல சோடாவ தடவுனா உள்ள எறங்காது. ஆவி புடிச்சு கண்ணாடி வெதுவெதுப்பா இருக்கும்போதே பழைய துணியால ஒரு தடவ வழிச்சு எடுத்துருங்க.

பேஸ்ட் கலக்குறதுலதான் பாதி விஷயம் இருக்கு. அரை கப் சோடாவுக்கு ரெண்டரை, மூணு ஸ்பூன் தண்ணி போதும், பெரிய ஸ்பூன்ல. இட்லி மாவு பதம்லாம் கூடாது, அதவிட கெட்டியா, ஸ்பூன கவுத்தா சொட்டாம நிக்கணும். ஏன்னா கதவோட ஓரத்துல, கண்ணாடிக்கும் ஃபிரேமுக்கும் நடுவுல ஒரு சின்ன இடுக்கு இருக்கும், தண்ணியா இருந்தா அது வழியா உள்ள எறங்கிரும், ரெண்டு கண்ணாடி இருக்குற கதவா இருந்தா நடுவுல போய் காஞ்சு வெள்ளைக் கோடா நிக்கும், அத எடுக்கணும்னா கதவயே கழட்டணும். அதே காரணத்துக்காக வினிகரயும் நேரா கதவு மேல ஸ்ப்ரே பண்ணக்கூடாது, துணில அடிச்சுட்டு துணியால தொடைங்க. கண்ணாடி விளிம்புலருந்து ஒரு விரல் அகலம் விட்டுட்டு நடுவுல மட்டும் பேஸ்ட்ட சப்பாத்தி கனத்துக்கு பரப்புங்க, விளிம்ப பிரஷ்ல தனியா பாத்துக்கலாம். ஓவனோட உள்சுவர்லயோ ஹீட்டர் ராடுலயோ இத தடவாதீங்க, நெறைய ஓடிஜில உள்சுவரு அலுமினியம் பூசின தகடு, சோடா பட்டா மங்கிரும். கதவச் சுத்தி ரப்பர் மாதிரி கேஸ்கட் இருந்தா அதுலயும் படக்கூடாது, அத வெறும் ஈரத்துணியால லேசா தொடைச்சாலே போதும். கேஸ்கட்டுல மஞ்சத்தூள் கறை இருந்தா கவலப்படாதீங்க, மஞ்சளோட நெறம் வெயில்ல வெளுத்துரும், ஜன்னல் வெளிச்சம் படுற மாதிரி கதவ கொஞ்ச நேரம் தொறந்து வெச்சா நாளாக நாளாக போயிரும்.

பால் கவர் இப்பதான் வருது. சோடா ஈரமா இருக்குற வரைக்கும்தான் வேலை செய்யும், காஞ்சுட்டா வெறும் வெள்ளைத் தூளு. சித்திரை வெயில்ல சேலத்துல ஃபேனும் போட்டு வெச்சீங்கன்னா அரைமணி நேரத்துக்குள்ளயே பேஸ்ட் வெடிச்சு காஞ்சு உதிர ஆரம்பிச்சுரும், அதுக்குத்தான் விரிச்ச பால் கவர பேஸ்ட் மேல ஒட்டுன மாதிரி போட்டு காத்துக் குமிழ் இல்லாம கையால நீவி விடணும், அரை லிட்டர் கவரு நாலு போட்டா சின்ன ஓடிஜி கதவு மூடிரும். ஏற்காட்டுல பனி எறங்குற நாள்ல கவரே தேவப்படாது, ராத்திரி தடவி விட்டா காலைல வரைக்கும் ஈரம் நிக்கும். லேசான பழுப்புக்கு ஒரு மணி நேரம் போதும், டீத்தூள் கலருக்கு மேல போயிருந்தா ராத்திரி பூரா விடுங்க, வருசக்கணக்கா சேந்த கருப்புன்னா ஒரே தடவைல போகாது, ரெண்டாவது நாள் திரும்ப தடவுங்க, அதுக்காக அமுக்கி தேய்க்கவோ சொரண்டவோ போகாதீங்க.

கவர எடுத்தீங்கன்னா பேஸ்ட்டு வெள்ளையா இருக்காது, அங்கங்க பழுப்பா, சில எடத்துல காப்பி கலர்ல மாறி இருக்கும், அந்த நெறம் வந்துச்சுன்னா வேலை ஆயிருச்சுன்னு அர்த்தம். ஏடிஎம் கார்ட படுக்க வெச்சு மேலருந்து உங்க பக்கமா வழிச்சு எடுங்க, இடுக்கு இருக்குற பக்கம் தள்ளாதீங்க. பழுப்புத் தோலு சுருள் சுருளா கார்டோட சேந்து வரும். இன்னும் ஒட்டி இருக்குற எடத்துல ஈரத்துணில கொஞ்சம் சோடாத் தூள தொட்டு வட்டம் வட்டமா தேயுங்க, ரெண்டு விரல் அழுத்தம் போதும். மூலைக்கும் விளிம்புக்கும் டூத் பிரஷ், பிரஷ்ல பேஸ்ட் கொஞ்சமா எடுத்து ஓரத்தோட ஓரமா இழுங்க. அப்பறம் துணிய நனைச்சு பிழிஞ்சு பிழிஞ்சு தொடைச்சு எடுக்கணும், தண்ணி மாத்திக்கிட்டே இருங்க, சோடா முழுக்க போறதுக்கு நாலஞ்சு தடவ தொடைக்க வேண்டி வரும், இங்க அவசரப்பட்டா காஞ்சப்பறம் வெள்ள வெள்ளையா தெரியும்.

இங்கதான் தண்ணிய கவனிக்கணும். நம்ம ஊர்ல நெறைய வீட்ல பொழங்குறதுக்கு போர் தண்ணி, குடிக்க மேட்டூர் தண்ணின்னு ரெண்டு இருக்கும். போர் தண்ணில கால்சியம், மெக்னீசியம் உப்பு ஜாஸ்தி, தொடைச்சு காஞ்சதும் கண்ணாடில வெள்ளப் புள்ளியா நிக்கிறது அதுதான், சோப்பு சேந்தா இன்னும் மோசம், திரிஞ்சு போயி படலமா ஒட்டிக்கும். சேலம் சுண்ணாம்புக்கரடு பக்கம் கெடைக்கிற வெள்ளக்கல்லு இருக்கே, மேக்னசைட், அதுவும் மெக்னீசியம் கார்பனேட்டுதான், அத சுட்டு எடுத்துத்தான் இரும்பு உருக்குற உலைக்குள்ள அடுக்குற செங்கல்லு செய்வாங்க, அந்தச் செங்கல்லு அவ்வளவு சூடு தாங்கும். அந்த மாதிரி கார்பனேட் உப்பு கண்ணாடில படிஞ்சா ஓவன் சூட்டுல தானா போகும்னு நெனைக்காதீங்க, அமிலம் பட்டாத்தான் கரையும். அதனால மொத ரெண்டு மூணு தடவ எந்தத் தண்ணில வேணாலும் தொடைங்க, கடைசித் தொடைப்பு மட்டும் குடிக்கிற தண்ணிலதான் இருக்கணும்.

இப்ப வினிகர். சமையல் வினிகர் சுமார் 4 சதவீத அமிலம், அதுல பாதிக்குப் பாதி குடிக்கிற தண்ணி கலந்து துணிய நனைச்சு நல்லா பிழிஞ்சுட்டு கண்ணாடி பூரா தொடைங்க. மிச்சம் சோடா இருந்த எடத்துல லேசா நுரைக்கும், அது நல்லதுதான், எங்க விட்டுப்போச்சுன்னு நுரையே காட்டிக் குடுத்துரும். எலுமிச்ச போடுறதா இருந்தா சாற வடிகட்டிட்டுத்தான் போடணும், சதை ஒட்டுனா அடுத்த தடவ சூடு ஏறும்போது அதுவே கருகி புதுக் கறையாயிரும், பழத்த பாதியா வெட்டி நேரா கண்ணாடில தேய்க்கிறது பாக்க நல்லா இருக்கும், பலன் இல்ல. புளி வேணாம், அதுல இருக்குற சக்கரையும் நாரும் ஒட்டும். வினிகர் போட்டதுக்கப்பறம் ஒரு நல்ல தண்ணித் துணி, அப்பறம் காஞ்ச துணி, கடைசியா பழைய நியூஸ் பேப்பர கசக்கி தேய்ச்சீங்கன்னா கோடு இல்லாம தெளிஞ்சிரும். வெளிச்சத்துல பக்கவாட்டுலருந்து குனிஞ்சு பாருங்க, நேரா நின்னு பாத்தா தெரியாத பிசுக்கு சாய்ச்சு பாத்தா தெரிஞ்சிரும்.

கதவ ஒரு மணி நேரம் தொறந்தே வெச்சு நல்லா காய விட்டு, அப்பறம் பிளக் மாட்டி காலி ஓவன 150 டிகிரில 10 நிமிசம் ஓட விடுங்க, ஜன்னல் தொறந்திருக்கட்டும். இடுக்குல இருக்குற ஈரமும் போயிரும், வினிகர் வாடையும் போயிரும். இத பண்ணாம நேரா கேக்கு வெச்சா மொத கேக்குல அந்த வாடை புடிச்சுக்க வாய்ப்பு இருக்கு.

ரெண்டு கண்ணாடிக்கு நடுவுல கறை இருக்கா? அது தனி வேலை. உள்பக்கமும் வெளிப்பக்கமும் பளிச்சுன்னு இருந்தும் கோடு கோடா தெரிஞ்சா கறை நடுவுலதான். பில்ட் இன் ஓவன்ல (அலமாரிக்குள்ள பதிச்சு வெக்கிறது) நெறைய மாடல்ல கதவயோ உள்கண்ணாடியயோ கழட்டுற வசதி இருக்கும், ஓவனோட வந்த புத்தகத்துல படம் போட்டிருப்பாங்க, அத பாக்காம கை வெக்காதீங்க, கீல்ல பலமான ஸ்பிரிங் இருக்கு, லாக் போடாம கதவ தூக்குனா சட்டுன்னு மூடிக்கிட்டு விரல நசுக்கிரும். சில கதவுக்கு அடில நீளமா ஓட்டை இருக்கும், அப்படி இருந்தா துணி காயப்போடுற கம்பி ஹேங்கர நேராக்கி, நுனில காட்டன் துணிய நல்லா சுத்தி நூலால கட்டி, வினிகர்த் தண்ணில நனைச்சு ஒட்டப் பிழிஞ்சு அந்த ஓட்டை வழியா விட்டு தொடைக்கலாம், கம்பி நுனி வெளிய தெரியவே கூடாது. நடுவுல சோடா பேஸ்ட் மட்டும் வேண்டவே வேணாம், சில ஓவன்ல நடுக்கண்ணாடில சூட்ட திருப்பி அனுப்புறதுக்குன்னு மெல்லிசா ஒரு பூச்சு இருக்கும், தேய்ச்சா போயிரும். சாதா ஓடிஜில கதவ கழட்ட முயற்சியே பண்ணாதீங்க, திரும்ப மாட்டுறது கஷ்டம்.

மைக்ரோவேவ் கதவுக்கு இந்த முறை ஆகாது. அதுல கதவுக்குள்ள ஓட்டை ஓட்டையா ஒரு தகடு இருக்கும், அலை வெளிய வராம தடுக்குறது அதுதான், மேல இருக்குறது பல மாடல்ல பிளாஸ்டிக் தகடு, லாக் மாட்டுற ஓட்டைல சோடா போனாலும் பிரச்சன. ஒரு கண்ணாடிக் கிண்ணத்துல தண்ணி ஊத்தி எலுமிச்ச வெட்டிப் போட்டு, ஒரு மரக் குச்சியோ மர ஸ்பூனோ உள்ள வெச்சு (அது இல்லன்னா தண்ணி கொதிக்காம இருந்துட்டு எடுக்கும்போது சட்டுன்னு பொங்கித் தெறிக்கும்) மூணு நிமிசம் ஓட விட்டு, அஞ்சு நிமிசம் கழிச்சு தொறந்து மெத்துன்னு இருக்குற துணியால தொடைச்சா அதுக்கு அது போதும்.

திரும்ப படலம் ஏறாம பாத்துக்கிறது ஒண்ணும் கஷ்டமில்ல. பேக் பண்ணி முடிச்சு கதவு கை வெச்சா பொறுக்குற சூட்டுக்கு வந்ததும், வெதுவெதுப்பான தண்ணில நனைச்சு பிழிஞ்ச துணியால ஒரே ஒரு இழுப்பு, அந்தத் தெறிச்ச எண்ணெய் அன்னைக்கு இன்னும் எண்ணெயாத்தான் இருக்கும், அடுத்த தடவ சூடு பட்டாத்தான் தோலாகும். பூந்திக்கொட்டை கெடைச்சா நாலஞ்சு கொட்டைய ஒடைச்சு விதைய எடுத்துட்டு தோல ராத்திரி ஊறவெச்சு, காலைல கசக்கி வடிகட்டி பாட்டில்ல ஊத்தி ஃபிரிட்ஜ்ல வெச்சுக்கோங்க, வெள்ளி நகை கழுவுறதுக்கு போடுறது இதத்தான், போர் தண்ணிலயும் சோப்பு மாதிரி திரியாது, தினசரி தொடைப்புக்கு அருமையா இருக்கும், ஒரு வாரத்துக்கு மேல வெச்சா புளிச்சுரும், அதனால கொஞ்ச கொஞ்சமா பண்ணுங்க. சிக்கனோ டிக்காவோ வெக்கும்போது கம்பி வலைக்கு கீழ ட்ரேல கால் டம்ளர் தண்ணி ஊத்தி வெச்சீங்கன்னா சொட்டுற எண்ணெய் பொகைஞ்சு தெறிக்காது, கதவுல பாதிக் கறை அப்பவே கொறைஞ்சிரும்.